பானை கற்றுத் தந்த பாடம்

பொங்கலுக்கு இரண்டு நாள் முன்பு மயிலாப்பூர் தெற்கு மாட வீதியில் கால் வைக்க இடம் இருக்காது என்பது உங்களில் பலருக்குத் தெரிந்திருக்கும். ஒரு பக்கம் கரும்புக் கட்டு, இன்னொரு பக்கம் மஞ்சள் கொத்து, நடுவே வைக்கோலின் மேல் அடுக்கி வைத்த புதுப் பானைகள். 2025-ம் வருஷப் பொங்கலுக்கு என் பெண்ணையும் கூட்டிக்கொண்டு பானை வாங்கப் போனேன். எட்டாம் வகுப்பு படிக்கிறாள். பதின்மூன்று வயசு.

பானை வாங்கும்போது தட்டிப் பார்த்து வாங்க வேண்டும் என்று என் அம்மா எனக்குச் சொல்லிக் கொடுத்திருந்தாள். விரல் முட்டியால் தட்டினால் 'டங்' என்று கேட்க வேண்டும். 'டொக்' என்று கேட்டால் எங்கேயோ விரிசல். நானும் அதையேதான் என் பெண்ணுக்குச் சொன்னேன். "நாலு பானை தட்டிப் பாருடி" என்று சொல்லிவிட்டு மஞ்சள் கொத்துக்கு விலை பேசத் திரும்பினேன். திரும்பி வந்து பார்த்தால் அவள் தரையில் குந்தி உட்கார்ந்து ஐந்து பானைகளை வரிசையாக வைத்து, இரண்டு கை விரல்களாலும் மாற்றி மாற்றித் தட்டிக்கொண்டிருக்கிறாள். பானைக்காரர் சிரிக்கிறார்.

"பாப்பா, பானை வாங்க வந்தியா, கச்சேரி பண்ண வந்தியா?"

இவள் என்னைப் பார்த்து, "அம்மா, நான் கடம் கத்துக்கட்டுமா?" என்றாள்.

நான் ஒரு நிமிஷம்கூட யோசிக்கவில்லை. "பொம்பளைப் பிள்ளைக்குப் பானை அடுப்பு மேல இருந்தாப் போதும். பேசாம எழுந்து வா" என்று சொல்லிவிட்டேன்.

சொல்லி முடித்த பிறகுதான் எனக்கே திடுக்கென்றது. வார்த்தைகள் என் வாயிலிருந்து வந்தன. குரல் என் அம்மாவுடையது.

1990-ல் எனக்குப் பதினொரு வயசு. எங்கள் தெருவில் ஒரு மிருதங்க வாத்தியார் இருந்தார். சாயங்காலம் திண்ணையில் பையன்கள் வரிசையாக உட்கார்ந்து 'தக திமி தக ஜுனு' என்று சொல்லி வாசிப்பார்கள். நான் எங்கள் வீட்டு ஜன்னல் கம்பியில் அதே மாதிரி தட்டுவேன். ஒரு நாள் தைரியமாக அம்மாவிடம் கேட்டேன். "விரல் தடிச்சுக் காய்ச்சுப் போனா எவன்டி கட்டிப்பான்? பாட்டு கிளாசுக்குப் போ" என்றாள். போனேன். கீதம் முடித்தேன், நாலு வர்ணம் முடித்தேன். பிறகு பிளஸ் டூ, பிறகு கல்யாணம். என் கதை அதோடு சரி. முப்பத்தைந்து வருஷம் கழித்து அதே பதிலை, ஒரு சொல் குறையாமல், என் பெண்ணுக்குத் திருப்பிக் கொடுத்துவிட்டேன்.

அன்று ராத்திரி அவள் சாப்பிடவில்லை. "தலைவலி" என்றாள். தாய்மார்களுக்குத் தெரியாத தலைவலியா?

என் வீட்டுக்காரரிடம் விஷயத்தைச் சொன்னேன். "ஒன்பதாங் கிளாஸ் வரப் போகுது. படிப்பு கெடும். அதுவும் கடமா?" என்று பேப்பரைப் பிரித்துக்கொண்டார். நான் எதிர்பார்த்தது மாமியாரின் எதிர்ப்பைத்தான். அவர் வெற்றிலைக்குச் சுண்ணாம்பு தடவிக்கொண்டே, "பானையில ஆம்பளைப் பானை, பொம்பளைப் பானைன்னு இருக்கா என்ன?" என்று கேட்டுவிட்டுப் போய்விட்டார்.

எதுவுமே பேசாதவர் என் மாமனார் ஒருவர்தான். எழுபத்தெட்டு வயசு. பாங்கில் வேலை பார்த்து ரிடையர் ஆனவர். டிசம்பர் மாதம் வந்தால் மத்தியானக் கச்சேரிகளுக்கு முதல் ஆளாகப் போய் நிற்பவர். அவர் எழுந்து அலமாரியைத் திறந்து ஒரு பழைய லாங்-ப்ளே ரிகார்டை எடுத்தார். அது எனக்கு முன்பே அறிமுகம். ஒரு மாதத்துக்கு முன், 2024 டிசம்பர் 15-ம் தேதி, தபேலா மேதை ஜாகிர் உசேன் சான் பிரான்சிஸ்கோவில் காலமானார். மறுநாள் காலை செய்தி தெரிந்ததும் மாமா இந்த ரிகார்டை மடியில் வைத்துக்கொண்டு வெகு நேரம் உட்கார்ந்திருந்தார். நான் காபி கொடுத்துவிட்டு வந்தேன். என்ன ஏது என்று கேட்கவில்லை.

இப்போது அதை ரிகார்டு பிளேயரில் வைத்தார். "அம்மா, நீயும் வந்து உட்காரு. குழந்தையையும் கூப்பிடு" என்றார்.

*

அந்த இசைத்தட்டின் பெயர் 'சக்தி'. 1978-ல் அமெரிக்காவில் படித்துக்கொண்டிருந்த மாமாவின் தம்பி லீவில் வந்தபோது வாங்கி வந்தது. 1975-ம் வருஷம் ஜூலை 5-ம் தேதி நியூயார்க் மாநிலத்தில் லாங் ஐலண்ட் தீவில் ஒரு கல்லூரியில் நடந்த கச்சேரியை அப்படியே பதிவு செய்து 1976-ல் வெளியிட்டார்கள். வாசித்தவர்கள் ஐந்து பேர். கிடார், இங்கிலாந்தில் பிறந்த ஜான் மெக்லாஃப்லின். வயலின், நம் எல். சங்கர். தபேலா, ஜாகிர் உசேன். மிருதங்கம், ராம்நாட் ராகவன். கடம், 'விக்கு' விநாயக்ராம்.

மெக்லாஃப்லின் ஜாஸ் சங்கீதக்காரர். ஜாஸ் என்பது அமெரிக்காவில் நியூ ஆர்லியன்ஸ் நகரத்துக் கறுப்பின மக்களிடம் தோன்றி வளர்ந்த சங்கீதம். ஆப்பிரிக்காவிலிருந்து அடிமைகளாகப் பிடித்து வரப்பட்டவர்களின் வம்சத்தார் அவர்கள். தாய்நாட்டின் தாளம் அவர்கள் கை கால்களில் தங்கியிருந்தது. கிடைத்ததோ வெள்ளைக்காரர்களின் வாத்தியம். இரண்டும் சேர்ந்து பிறந்ததுதான் ஜாஸ். அதில் ஒரு மெட்டை எடுத்துக்கொண்டு அந்த இடத்திலேயே கற்பனையாக விரித்து வாசிப்பது முக்கியம். "நம்ம கல்பனாஸ்வரம் மாதிரின்னு வெச்சுக்கோயேன்" என்றார் மாமா.

சகோதரிகளே, ஒளிக்காமல் சொல்கிறேன். முதல் உருப்படி ஆரம்பித்ததும் எனக்குப் பிடிக்கவில்லை. 'ஜாய்' என்று பெயர். பதினெட்டு நிமிஷம். கிடாரும் வயலினும் ஒன்றையொன்று துரத்திக்கொண்டு ஓடுகின்றன. "என்ன மாமா இது, எக்ஸ்பிரஸ் ரயில் ஓடற மாதிரி இருக்கே?" என்றேன்.

"காதை மேலே வைக்காதே. அடியில வை. பானை எங்கே இருக்குன்னு தேடு" என்றார்.

தேடினேன். கிடைத்தது! கடத்தின் வாயை வயிற்றில் வைத்து அழுத்தி எடுக்கும்போது வரும் 'கும்' என்ற ஆழமான ஒலி, கழுத்துப் பக்கம் நகம் படும்போது வரும் 'டிங்' என்ற சன்னமான ஒலி. இரண்டும் எனக்கு நாற்பது வருஷமாகத் தெரிந்த ஒலிகள். தண்ணீர்ப் பானையைக் கவிழ்த்துக் கழுவும்போது கேட்டிருக்கிறேன். சொம்பு இடிக்கும்போது கேட்டிருக்கிறேன். என் சமையலறைச் சத்தம் அமெரிக்காவில் கேட்கிறது, அத்தனை பேர் மூச்சைப் பிடித்துக்கொண்டு கேட்கிறார்கள் என்று நினைத்தபோது உடம்பு சிலிர்த்தது.

அதற்கடுத்தது சின்ன உருப்படி, ஐந்து நிமிஷத்துக்கும் குறைவு. தாமரைப் பாதம் என்று பொருள்படும் 'லோட்டஸ் ஃபீட்'. பூஜை முடிந்து விளக்கு மட்டும் எரியும்போது இருக்கிற அமைதி அதில் இருக்கிறது. தட்டைத் திருப்பிப் போட்டால் இரண்டாம் பக்கம் முழுவதும் ஒரே உருப்படி, இருபத்தொன்பது நிமிஷம். நம் ராகம் தானம் பல்லவி மாதிரி நிதானமாக விரிந்துகொண்டே போகிறது. நடுவில் தாள வாத்தியங்கள் தங்களுக்குள் பேசிக்கொள்கிற இடம் வந்ததும், தலைவலிக்காரி எழுந்து உட்கார்ந்து தொடையில் தாளம் போட ஆரம்பித்துவிட்டாள். பிறகு தானாகவே போய் தட்டில் சாதம் போட்டுக்கொண்டு வந்தாள்.

*

மறுநாளிலிருந்து நானே மாமாவைக் கேள்வி கேட்க ஆரம்பித்தேன். குக்கர் விசில் எண்ணிக்கொண்டே ஒரு கேள்வி, கீரை ஆய்ந்துகொண்டே ஒரு கேள்வி.

"வெள்ளைக்காரர் வாசிக்கிற கிடாரில் நம் வீணை மாதிரி ஸ்வரம் வளைகிறதே, எப்படி?" என்று கேட்டேன். மெக்லாஃப்லின் சும்மா வந்து உட்காரவில்லையாம். அமெரிக்காவில் வெஸ்லியன் பல்கலைக்கழகத்தில் டாக்டர் எஸ். ராமநாதனிடம் வீணை படித்தவர். கிடாரில் விரல் வைக்கும் பலகையை, மெட்டுகளுக்கு நடுவில் குழியாகச் செதுக்கச் செய்தார். அப்போதுதான் தந்தியை அழுத்தி இழுத்து கமகம் கொண்டுவர முடியும். அதோடு கிடாரின் வயிற்றுக்கு நேரே குறுக்காக ஏழு தந்திகள் கூடுதலாகக் கட்டினார், தம்புரா மாதிரி ஸ்ருதி சொல்லிக்கொண்டிருப்பதற்கு.

எல். சங்கர் 1950-ல் இதே சென்னையில் பிறந்தவர். அப்பா வி. லட்சுமிநாராயணா யாழ்ப்பாணத்தில் சங்கீதம் சொல்லிக் கொடுத்தவர். 1958 கலவரத்துக்குப் பிறகு குடும்பம் சென்னைக்குத் திரும்பியது. அண்ணன்மார் எல். வைத்தியநாதனும் எல். சுப்பிரமணியமும் புகழ் பெற்றவர்கள். விநாயக்ராமோ 1966-ல் எம்.எஸ். சுப்புலட்சுமி அம்மா ஐக்கிய நாடுகள் சபையில் பாடியபோது கடம் வாசித்தவர். அவருடைய தகப்பனார் டி.ஆர். ஹரிஹர சர்மா சென்னையில் நடத்திய ஸ்ரீ ஜய கணேஷ் தாள வாத்ய வித்யாலயாவில் படித்து வந்தவர்கள் எத்தனையோ பேர்.

இதைக் கேட்டபோது எனக்கு ஒரு விஷயம் புரிந்தது. பழசையும் புதுசையும் கலந்தால் பழசு கரைந்து காணாமல் போய்விடும் என்றுதான் நான் நினைத்திருந்தேன். இந்த ரிகார்டில் அப்படி நடக்கவில்லை. வீட்டுக்கு வந்த விருந்தாளியான கிடார்தான் தன் உடம்பைச் செதுக்கிக்கொண்டது. பானை பானையாகவே இருந்தது. நாம் அவியல் செய்கிறோம் இல்லையா? எல்லாக் காயும் ஒரே தேங்காய் அரைப்பில்தான் வேகிறது. ஆனால் முருங்கைக்காய் முருங்கைக்காயாகவே இருக்கிறது, வாழைக்காய் வாழைக்காயாகவே இருக்கிறது. குழைந்துவிட்டால் அது அவியல் இல்லை.

ஆனால் ஒன்று மட்டும் மாறியது. அதை மாமா தன் செல்போனில் காட்டினார். 1976-ல் ஸ்விட்சர்லாந்தில் மாந்த்ரே ஜாஸ் விழாவில் இவர்கள் வாசித்த படம். எல்லாரும் சப்பணமிட்டு அக்கம் பக்கமாக உட்கார்ந்திருக்கிறார்கள். கடம் யாருக்கும் பின்னால் இல்லை.

நம் சபாக்களில் கடத்துக்கு என்ன இடம் என்று யோசித்துப் பாருங்கள். நடுவில் பாடகர், ஒரு பக்கம் வயலின், மறு பக்கம் மிருதங்கம். கடம் 'உபபக்கவாத்தியம்'. சற்றுப் பின்தள்ளி உட்கார வேண்டும். பல கச்சேரிகளில் அதுவும் கிடையாது. தனி ஆவர்த்தனத்தில் மிருதங்கம் வாசித்து முடித்துக் கண் காட்டிய பிறகுதான் அதன் முறை வரும். மற்ற நேரமெல்லாம் கூடவே இருக்கும், சத்தம் போடாமல் தாங்கும், இல்லாவிட்டால்தான் ஏதோ குறைகிறதே என்று தெரியும்.

நான் மேலே சொன்ன வாக்கியத்தை இன்னொரு முறை படியுங்கள். கடத்தைப் பற்றித்தான் சொல்கிறேனா, நம்மைப் பற்றிச் சொல்கிறேனா?

*

அந்த வாரம் முழுவதும் எங்கள் வீட்டில் பானைப் பேச்சுதான். விநாயக்ராம் பிற்பாடு 1991-ல் மிக்கி ஹார்ட் என்ற அமெரிக்கர் வெளியிட்ட 'பிளானட் டிரம்' என்ற ஆல்பத்திலும் வாசித்திருக்கிறார். பல நாட்டுத் தாள வாத்தியக்காரர்கள் சேர்ந்து செய்தது; 1992-ல் கிராமி பரிசு பெற்றது. அதில் ஜாகிரும் உண்டு. நைஜீரியாவைச் சேர்ந்த பாபாதுண்டே ஒலதுஞ்சி, சிகிரு அடேபோஜு இருவரும் உண்டு. சிகிரு வாசிப்பது 'பேசும் முரசு'. இடுப்பு சிறுத்த வாத்தியம். பக்கத்துக் கயிறுகளை அக்குளில் இடுக்கி அழுத்தினால் ஒலி ஏறும், விட்டால் இறங்கும். மனுஷக் குரல் மாதிரியே இருக்கும். படத்தைப் பார்த்ததும் என் மாமியார், "அட, இது நம்ம உடுக்கை இல்லே?" என்றார். கோடாங்கி உடுக்கையின் கயிற்றை அழுத்திக் குரலை மாற்றுவதை அவர் சின்ன வயசில் பார்த்திருக்கிறார்.

என்னை யோசிக்க வைத்தது வேறு ஒன்று. அதே நைஜீரியாவில் இக்போ மக்களிடம் 'உடு' என்று ஒரு வாத்தியம் இருக்கிறது. உடு என்றால் அவர்கள் பாஷையில் பானை என்றே அர்த்தம். தண்ணீர்ப் பானையின் பக்கவாட்டில் இன்னொரு துளை போட்டிருப்பார்கள். உள்ளங்கையால் அந்தத் துளையை மூடித் திறந்தால் கிணற்றுக்குள்ளிருந்து வருகிற மாதிரி ஒரு ஒலி. இப்போது உலகமெங்கும் நவீன சங்கீதக்காரர்கள் அதை வாங்கி வாசிக்கிறார்கள். ஆனால் வழிவழியாக அதை வாசித்து வந்தவர்கள் யார் தெரியுமா? பெண்கள்! தண்ணீர் எடுத்து வந்த கைகளே அதைத் தட்டியும் பார்த்திருக்கின்றன. ஒரு ஊரில் பானை வாசிப்பது பெண்ணின் உரிமை, நம் ஊரில் "பொம்பளைப் பிள்ளைக்கு எதுக்குடி?" என்று ஒரு பேச்சு.

நம் ஊரிலும் அந்தப் பேச்சைத் தாண்டி வந்தவர் உண்டு. சுகன்யா ராம்கோபால். திருவல்லிக்கேணியில் சிறுமியாக இருந்தபோது ஹரிஹர சர்மாவின் வித்யாலயாவுக்கு வயலின் கற்கப் போனார். ஆனால் மனசு போனது பக்கத்து அறையில் கேட்ட மிருதங்கத்தின் மேல். சர்மா தயங்காமல் கற்றுக் கொடுத்தார். பிறகு கடம் வேண்டும் என்று ஆசைப்பட்டார். பெண் கைக்கு அது கஷ்டம் என்று விநாயக்ராமுக்குத் தோன்றியது. மகன் வெளிநாட்டுக் கச்சேரிகளுக்குப் போயிருந்த சமயத்தில் தகப்பனார் இதை ஒரு சவாலாக எடுத்துக்கொண்டு அந்தப் பெண்ணைத் தயார் செய்துவிட்டார். பெண் கடம் வாசித்தால் தான் உடன் வாசிக்க மாட்டேன் என்று சொன்னவர்களையும் அவர் சந்தித்தார். பிற்பாடு வெவ்வேறு ஸ்ருதிக் கடங்களைச் சுற்றி வைத்து ராகம் வாசிக்கும் 'கட தரங்'கை உருவாக்கினார். பெண்களே வாசிக்கும் குழு ஒன்றையும் ஆரம்பித்தார். 2014-ம் ஆண்டுக்கான சங்கீத நாடக அகாதமி விருதும் அவரைத் தேடி வந்தது.

அந்தக் கடத்தைச் செய்வதிலும் பெண் கை இருக்கிறது. மானாமதுரையில் கடம் செய்யும் மீனாட்சி கேசவனும் அகாதமி விருது பெற்றவர். கடத்துக்குச் சமையல் பானை மாதிரி வனைந்ததோடு வேலை முடியாது. பச்சை மண்ணாக இருக்கும்போதே உள்ளே ஒரு கையால் கல்லைத் தாங்கி, வெளியே மரப்பலகையால் ஆயிரக்கணக்கான தட்டு தட்ட வேண்டும். எல்லாப் பக்கமும் ஒரே கனமாக வந்தால்தான் ஸ்ருதி நிற்கும். சூளையிலிருந்து வந்த பிறகு ஸ்ருதியைப் பெரிதாக மாற்ற முடியாது. அதனால்தான் வித்வான்கள் ஸ்ருதிக்கு ஒன்றாகப் பல கடங்கள் வைத்திருக்கிறார்கள். அந்த ஊர் மண்பாண்டங்களுக்கு 2023-ல் புவிசார் குறியீடும் கிடைத்திருக்கிறது.

இவ்வளவும் தெரிந்த பிறகு நான் ஏன் இன்னும் "சரி" என்று சொல்லவில்லை? இதை எழுதக் கூச்சமாகத்தான் இருக்கிறது. படிப்பு கெடும், விரல் காய்த்துப் போகும், ராத்திரி கச்சேரி முடிந்து எப்படித் திரும்புவாள் என்றெல்லாம் காரணங்களை அடுக்கினேன். ஒரு மத்தியானம், எல்லாரும் தூங்கும்போது, நானே பொங்கல் பானையை மடியில் வைத்துக்கொண்டு 'தக திமி' சொல்லித் தட்டிப் பார்த்தேன். விரல் வரவில்லை. கண்ணில் தண்ணீர்தான் வந்தது. அப்போது தெரிந்தது. எனக்குக் கிடைக்காதது இவளுக்குச் சுலபமாகக் கிடைத்துவிடக் கூடாது என்று மனசின் ஒரு மூலையில் ஒரு கல் கிடந்திருக்கிறது. பெற்ற பெண்ணிடமா பொறாமை என்று நீங்கள் கேட்கலாம். நானும் அதையேதான் என்னைக் கேட்டுக்கொண்டேன்.

அன்று சாயங்காலமே அவளைக் கூட்டிக்கொண்டு புறப்பட்டேன்.

*

முதலில் போன இடத்தில், "பெண் குழந்தைக்கு வாய்ப்பாட்டு சேர்த்து விடுங்களேன், இதெல்லாம் எதற்கு?" என்றார்கள். முந்தின மாதமாக இருந்தால் நானும் தலையாட்டியிருப்பேன். இப்போது வணக்கம் சொல்லிவிட்டு வந்தேன். இரண்டாவதாகப் பார்த்த வாத்தியார் வயசானவர். என் பெண்ணின் கையை விரித்துப் பார்த்தார். "அஞ்சு விரலும் இருக்கே, போதும்" என்றார்.

ஆனால் உடனே பானையைக் கொடுக்கவில்லை. முதலில் வாயால் சொல்லு, கையால் தாளம் போடு. ஆதி தாளம், மூன்று காலம். மாதக்கணக்கில் சொற்கட்டு மட்டும். என் பெண் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு, "சக்தி மாதிரி எப்போ வாசிக்கறது?" என்று கேட்டாள். அவர் சொன்னார்: "அவங்க அஞ்சு பேரும் ஆளுக்கு ஒரு வீட்டை ஒழுங்காக் கட்டினாங்க. அப்புறம்தான் நடுவில் இருந்த சுவரை எடுத்தாங்க. வீடே கட்டாம சுவரை எடுக்க முடியுமா?"

படிப்பு விஷயத்தில் என் வீட்டுக்காரரோடு ஒரு ஒப்பந்தம். தினம் அரை மணி, பரீட்சைக்கு முந்தின வாரம் பத்து நிமிஷம் மட்டும். அந்த அரை மணியை அவள் விட்டதில்லை, மார்க்கும் குறையவில்லை. இப்போது ராத்திரி பேப்பருக்குப் பின்னாலிருந்து அவர் விரலும் லேசாக ஆடுவதைப் பார்க்கிறேன்.

பெண்ணைத் தாள வாத்தியத்துக்கு அனுப்பும் தாய்மார்களுக்கு இரண்டு வார்த்தை. ஆரம்பத்தில் விரல் நுனி சிவந்து வலிக்கும். வாசித்த பிறகு வெதுவெதுப்பான தண்ணீரில் ஐந்து நிமிஷம் கையை வைத்திருந்து, துடைத்துத் தேங்காய் எண்ணெய் தடவினால் இதமாக இருக்கும். வலி மணிக்கட்டுக்கு ஏறினாலோ, விரல் மரத்துப் போனாலோ நிறுத்திவிட்டு டாக்டரிடம் காட்டுங்கள். முதுகு வளையாமல் உட்காரச் சொல்லுங்கள். நகத்தைத் தாமாக வெட்டி விடாதீர்கள், வாத்தியாரிடம் கேட்டு வெட்டுங்கள். நான் வெட்டிவிட்டு வாங்கிக் கட்டிக்கொண்டேன்!

ஆடி மாதம் ஒரு வெள்ளிக்கிழமை, அடையாறில் தம்பி வீட்டில் இருக்கும் என் அம்மா வந்தாள். எழுபத்து நாலு வயசு. பேத்தி கூடத்தில் கடத்தை வைத்துக்கொண்டு வாசிப்பதைப் பார்த்தாள். ஒன்றும் சொல்லவில்லை. எனக்கு உள்ளே படபடப்பு. ஏதாவது சொன்னால் பதில் சொல்ல வேண்டும் என்று முப்பத்தைந்து வருஷத்துப் பேச்சைத் தயாராக வைத்திருந்தேன்.

வாசித்து முடித்ததும் அம்மா அவளைப் பக்கத்தில் கூப்பிட்டாள். அவள் வலது கையைத் தன் மடியில் வைத்துக்கொண்டு ஒவ்வொரு விரல் நுனியாகத் தடவிப் பார்த்தாள். லேசாகக் காய்ப்பு விழ ஆரம்பித்திருந்தது.

"ரொம்ப வலிக்குதா கண்ணு?" என்றாள்.

"இல்லே பாட்டி, பழகிடுச்சு."

அம்மா சமையலறைக்குப் போய் எண்ணெய்க் கிண்ணத்தை எடுத்து வந்தாள். பேத்தியின் விரல்களுக்குத் தடவிக்கொண்டே, என் பக்கம் பார்க்காமல், "அப்போ எனக்குப் பயமா இருந்துதுடி" என்றாள். அவ்வளவுதான். நான் தயாராக வைத்திருந்த பேச்சில் ஒன்றுகூட எனக்கு நினைவுக்கு வரவில்லை.

'சக்தி' குழு முதலில் மூன்று ஆல்பங்களோடு கலைந்து, இருபது வருஷம் கழித்து மறுபடி கூடியது. விநாயக்ராம் உட்கார்ந்த மேடையில் அவர் மகன் செல்வகணேஷ் கஞ்சிராவோடு உட்கார்ந்தார். 2023-ல் வந்த அவர்களுடைய 'திஸ் மொமென்ட்' ஆல்பத்துக்கு 2024 பிப்ரவரியில் கிராமி கிடைத்தது. தகப்பன் கையிலிருந்து மகன் கைக்குப் போவதை ஊரே பார்க்கிறது. தாய் கையிலிருந்து மகள் கைக்குப் போவதும் ஒன்று உண்டு. அது சில வீட்டில் தாளமாகப் போகும், சில வீட்டில் "கூடாது" என்ற சொல்லாகப் போகும்.

இப்போது தினமும் அந்த அரை மணியில் நான் அவள் எதிரில் உட்கார்ந்து தாளம் போடுகிறேன். சொற்கட்டும் கூடவே சொல்கிறேன். நாற்பத்தாறு வயசில் இனிமேல் நான் மேடையேறப் போவதில்லை. அடுப்பில் பால் பொங்கி வழிந்தது இரண்டு முறை நடந்துவிட்டது. பரவாயில்லை.

அடுத்த பொங்கலுக்கு நீங்களும் பானை வாங்கப் போவீர்கள். தட்டிப் பார்த்து வாங்குங்கள். உங்கள் பெண்ணும் பக்கத்தில் உட்கார்ந்து தட்டினால், வாயைத் திறப்பதற்கு முன்னால் ஒரு ஆவர்த்தனம் பொறுங்கள். வருகிற பதில் உங்களுடையதுதானா, உங்கள் அம்மாவுடையதா என்று பார்த்துவிட்டுச் சொல்லுங்கள்.